அம்மாவுக்கு இ.சி.டி. கொடுக்கலாம் என்கிறார் டாக்டர். கரண்ட் வைக்கச் சம்மதிக்கலாமா?

வைகைக்கரை | செவ்வாய், இரவு 10.40

எல்லோருக்கும் வணக்கம். இங்கே படிக்க மட்டும்தான் வருவேன், எழுதுவது இதுவே முதல் முறை. நீளமாகப் போனால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

அம்மாவுக்கு 61 வயது. அப்பா போய் ஒன்றரை வருடம் ஆகிறது. முதலில் தூக்கம் போனது. விடியற்காலை மூன்று மணிக்கே எழுந்து இருட்டில் உட்கார்ந்திருப்பார். அப்புறம் சாப்பாடு குறைந்தது. மூன்று மாதத்தில் 11 கிலோ இறங்கிவிட்டார். இரண்டு வாரமாக ஒரே பேச்சு: "நான் செஞ்ச பாவத்துலதான் உங்கப்பா போனாரு. எனக்குச் சோறு போடாதீங்க." வாசலில் கோலம் போட்டு, தெருவில் நாலு பேரிடம் பேசிவிட்டுத்தான் காபியே குடிப்பவர் அவர். இப்போது இட்லியைப் பிட்டு வைத்தால் அரை மணி நேரம் தட்டையே பார்த்துக்கொண்டிருக்கிறார்.

இரண்டு விதமான மாத்திரைகள், ஒவ்வொன்றும் முழு அளவில் ஆறு வாரத்துக்கு மேல் கொடுத்தாயிற்று. நேற்று டாக்டர் இ.சி.டி., அதாவது தலையில் கரண்ட் வைத்து வலிப்பு வரவைக்கும் சிகிச்சை, கொடுக்கலாம் என்றார். வீட்டில் சொன்னதும் அண்ணன் குதித்துவிட்டான். பெரியம்மா அழுகிறார்: "கரண்டு வச்சா மூளை வெந்துபோயிடும்டி. அப்புறம் உன்னையே அவளுக்கு அடையாளம் தெரியாது." டாக்டர் பத்து நிமிடம் பொறுமையாகத்தான் சொன்னார். அதை வீட்டில் திருப்பிச் சொல்ல எனக்குத்தான் வாய் வரவில்லை. வெள்ளிக்கிழமைக்குள் பதில் சொல்ல வேண்டும்.

இன்னொன்று. தலையில் மாட்டிக்கொள்ளும் சின்ன மெஷின் ஒன்று ஆன்லைனில் கிடைக்கிறதாம். அதுவும் மூளைக்குக் கரண்ட் கொடுப்பதுதானே, அதையே வாங்கி வீட்டில் வைத்துக்கொள்ளலாம் என்கிறான் அண்ணன். இரண்டும் ஒன்றா?

தனிவழி | செவ்வாய், இரவு 11.25

சகோதரி, தயவுசெய்து அவசரப்படாதீர்கள்.

1984இல் என் தாய்மாமாவுக்கு இதைக் கொடுத்தார்கள். எனக்கு அப்போது ஒன்பது வயது. ஜன்னல் வழியாகப் பார்த்துவிட்டேன். மயக்க ஊசி எதுவும் இல்லை. நான்கு பேர் கையையும் காலையும் அமுக்கிப் பிடித்தார்கள், வாயில் துணிச் சுருளைத் திணித்தார்கள். அவர் உடம்பு வில்லாக வளைந்து கட்டிலில் அடித்தது இன்னும் என் கண்ணில் நிற்கிறது. முதுகெலும்பில் விரிசல் விட்டது. நோய் கொஞ்சம் தணிந்தது, இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் அதற்குப் பிறகு அவர் வீட்டில் லைட் ஸ்விட்சைக்கூடத் தானாகப் போட மாட்டார். யாரையாவது கூப்பிடுவார்.

எந்த ஆஸ்பத்திரி என்று சொல்லப் போவதில்லை. இதைச் சிகிச்சை என்று ஏற்றுக்கொள்ள என்னால் முடியாது.

மரியபுஷ்பம் | புதன், காலை 5.50

தனிவழி தம்பி, நீங்கள் பார்த்தது பொய் இல்லை. அதை 'டைரக்ட் இ.சி.டி.' என்போம். நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில் நானும் கால் பிடித்திருக்கிறேன். அன்று இரவு எனக்குச் சோறு இறங்கவில்லை. உங்கள் மாமாவுக்கு நடந்தது கொடுமைதான், அதை நான் பூசி மெழுக மாட்டேன்.

வைகைக்கரை, மனநல வார்டில் 26 வருடம் நர்ஸாக இருந்தவள் நான். உங்கள் அம்மாவுக்கு இப்போது என்ன செய்வார்கள் என்று வரிசையாகச் சொல்கிறேன், பெரியம்மாவுக்குப் படித்துக் காட்டு.

காலையில் வெறும் வயிற்றோடு வர வேண்டும். பல்செட் இருந்தால் கழற்றிவிடுவோம். கையில் ஊசி போட்டு மயக்க மருந்து ஏற்றுவார்கள், எண்ணி முடிப்பதற்குள் தூங்கிவிடுவார். தூங்கிய பிறகு ஒரு காலில், கணுக்காலுக்கு மேலே, பி.பி. பார்க்கிற பட்டையைக் கட்டிக் காற்றடைத்து இறுக்குவோம். அப்புறம்தான் தசையைத் தளர்த்துகிற சக்ஸினைல்கோலின் போகும். உடம்பு முழுக்கத் தளர்ந்துவிடும். பட்டை கட்டிய அந்த ஒரு பாதத்துக்கு மட்டும் மருந்து போகாது. ஆக்ஸிஜன் மாஸ்க் பிடித்திருப்பார்கள், பல்லுக்கு நடுவே ரப்பர் கட்டை வைப்பார்கள். கரண்ட் ஓடுவது சில வினாடிதான். உடம்பு வில்லாக வளையாது, கட்டில் ஆடாது. அந்தப் பாதம் மட்டும் துடிக்கும். இத்தனை வருடமும் நான் கையில் கடிகாரத்தை வைத்துக்கொண்டு பார்த்தது அந்தக் கால் கட்டைவிரலைத்தான். 30, 40 வினாடி துடித்துவிட்டு அடங்கும். தலையில் ஒட்டிய, மூளை அலையைப் பதிக்கிற ஈ.ஈ.ஜி. கம்பி வழியாகக் காகிதத்தில் கோடு ஓடிக்கொண்டிருக்கும், அதுவும் தட்டையாகிவிடும். முடிந்தது.

பத்துப் பதினைந்து நிமிடத்தில் கண் விழிப்பார். "எங்க இருக்கேன்?" என்று ஐந்தாறு தடவை கேட்பார். ஒவ்வொரு தடவையும் முதல் தடவை கேட்டது போலவே பதில் சொல்ல வேண்டும். தலைவலி, தாடை வலி இருக்கும். பாராசிட்டமால் போதும்.

சாப்பாட்டை நிறுத்திவிட்டவர்கள், "நான் பாவி" என்று ஒரே பிடியாக நிற்பவர்கள், இவர்கள்தான் இந்தச் சிகிச்சையில் நன்றாகத் தேறிவருவார்கள். மூன்றாவது நான்காவது தடவைக்குப் பிறகு, "சிஸ்டர், ஒரு காபி கிடைக்குமா?" என்று கேட்டவர்கள் எத்தனையோ பேர்.

கல்லணை_77 | புதன், காலை 8.15

இதைத் தன் உடம்பில் வாங்கியவன் என்ற முறையில் எழுதுகிறேன். 2016இல் ஒன்பது முறை, 2021இல் எட்டு முறை. இரண்டு தடவையும் தற்கொலை எண்ணம் முற்றிப்போய்த்தான் சேர்த்தார்கள். இது இல்லாவிட்டால் என் மகளின் பத்தாம் வகுப்பு மார்க்கை நான் பார்த்திருக்க மாட்டேன்.

ஆனால் ஞாபக விஷயத்தை யாரும் உங்களிடம் சப்பென்று சொல்லிவிட்டுப் போகக் கூடாது. சிகிச்சை நடந்த வாரங்கள் எனக்குக் கிட்டத்தட்ட வெள்ளைத்தாள். அதற்கு முந்தைய மூன்று நான்கு மாதத்திலும் ஓட்டைகள் இருக்கின்றன. 2016 பொங்கலுக்குக் குடும்பத்தோடு தஞ்சாவூர் போயிருக்கிறோம். பெரிய கோயில் நந்தி முன்னால் மகளைத் தோளில் தூக்கிக்கொண்டு நான் நிற்கிற போட்டோ இருக்கிறது. போட்டோ இருக்கிறது, அந்த நாள் என்னிடம் இல்லை. இன்றுவரை திரும்பவில்லை. அதை நினைத்தால் வலிக்கத்தான் செய்கிறது.

புதிதாக ஒன்றைக் கற்று ஞாபகம் வைக்கிற திறன் சில வாரத்தில் சரியாகிவிட்டது. கணக்கு வேலை பார்க்கிறேன், ஜி.எஸ்.டி. விதிகள் மாற மாற அவற்றை மண்டையில் ஏற்றிக்கொண்டுதான் இருக்கிறேன். மனைவி, பிள்ளை, ஊர், தொழில் எதுவும் மறக்கவில்லை. உங்கள் பெரியம்மா பயப்படுகிற மாதிரி நடக்காது. ஆனால் ஒன்றுமே ஆகாது என்றும் வாக்குக் கொடுக்காதீர்கள்.

ஒரு யோசனை: இப்போதே ஒரு நோட்டுப் போடுங்கள். இந்தச் சில மாதங்களில் வீட்டில் நடந்தது, யார் வந்தார்கள், நகை எங்கே, பேங்க் கார்டு நம்பர் எது, எல்லாம் எழுதிவையுங்கள். எனக்கு அதை யாரும் செய்யவில்லை.

சுருள்கம்பி | புதன், மதியம் 1.05

நான் எலக்ட்ரானிக்ஸ்காரன், கோயம்புத்தூர். எனக்குப் பல வருடமாகப் பதற்ற நோய். வைகைக்கரையின் அண்ணன் கேட்டது டி.டி.சி.எஸ். பற்றி என்று நினைக்கிறேன். நெற்றியில் இரண்டு ஈரப் பஞ்சு, 2 மில்லி ஆம்பியர் நேர் மின்னோட்டம், அரை மணி நேரம். அவ்வளவுதான். மயக்கம் இல்லை, வலிப்பு இல்லை, ஞாபக மறதி இல்லை. ஒரு ஒன்பது வோல்ட் பேட்டரியும் மின்னோட்டத்தைக் கட்டுப்படுத்தும் ஒரு சிறு சர்க்யூட்டும் இருந்தால் நானே செய்துவிடுவேன். பெரியதுக்குப் போவதற்கு முன் சின்னதை ஏன் பார்க்கக் கூடாது?

குறிஞ்சி_மூன்றாமாண்டு | புதன், இரவு 9.30

மனநல மருத்துவத்தில் எம்.டி. மூன்றாம் ஆண்டு படிக்கிறேன். ட்யூட்டி முடிந்து இப்போதுதான் இழையைப் பார்த்தேன். உங்கள் அம்மாவை நேரில் பார்க்காமல் முடிவு சொல்ல முடியாது. சம்மதித்துவிடுங்கள் என்று நான் சொன்னதாக எடுத்துக்கொள்ள வேண்டாம். ஆனால் சுருள்கம்பியின் கேள்விக்குப் பதில் சொல்லியே ஆக வேண்டும், இங்கேதான் பலர் வழுக்கி விழுகிறார்கள்.

'மூளைக்குக் கரண்ட்' என்று ஒரே பெயரில் மூன்று நான்கு வேறு சிகிச்சைகளைக் கூப்பிடுகிறோம்.

இ.சி.டி.யில் மருந்து கரண்ட் இல்லை, அது தூண்டுகிற வலிப்புதான். வலிப்பு வராவிட்டால் பெரிய பலன் கிடையாது. சுமார் 0.8, 0.9 ஆம்பியர், அதுவும் ஒரு மில்லி வினாடிக்கும் குறைவான துடிப்புகளாக, மொத்தம் எட்டு வினாடிக்குள் முடிந்துவிடும். மூளை வேகிற அளவுக்கு அதில் சூடே கிடையாது. எப்படி வேலை செய்கிறது என்பது முழுதாக விளங்கவில்லை. சிகிச்சைக்குப் பிறகு எடுத்த ஸ்கேன்களில் ஞாபகத்துக்கு முக்கியமான ஹிப்போகாம்பஸ் என்ற பகுதி கொஞ்சம் பருத்திருப்பதைப் பார்த்திருக்கிறார்கள், சிதைந்ததாக இல்லை.

டி.டி.சி.எஸ். வேறு கதை. அதனால் நரம்பணுவிலிருந்து சைகையைக் கிளப்ப முடியாது, அதை லேசாக உசுப்பி வைக்கிறது, அவ்வளவே. பலனும் அப்படித்தான், ஆய்வுக்கு ஆய்வு மாறுகிறது. 2023இல் ஜெர்மனியில் 160 பேரிடம் நடந்த சோதனை 'லான்செட்' இதழில் வந்தது. ஏற்கெனவே மாத்திரை எடுப்பவர்களுக்குக் கூடவே இதையும் கொடுத்தபோது, போலி மெஷினை விட மேலாக ஒன்றும் நடக்கவில்லை. 2024இல் 174 பேர் வீட்டிலேயே பத்து வாரம் பயன்படுத்திய இன்னொரு சோதனையில் நல்ல பலன் தெரிந்தது. ஆனால் அதில் ஒவ்வொருவரையும் வீடியோவில் கண்காணித்தார்கள், சாப்பாட்டை நிறுத்தி எலும்பாகிப் போனவர்களை வைத்து அது நடக்கவில்லை. வைகைக்கரையின் அம்மாவுக்கு இந்த மெஷினில் பத்து வாரம் போனால், அந்தப் பத்து வாரமும் அவர் என்ன சாப்பிடுவார்?

சுருள்கம்பி, உங்களைக் கும்பிட்டுக் கேட்கிறேன், பேட்டரி வேலை வேண்டாம். பஞ்சு காய்ந்தால் தோல் வெந்து புண்ணாகும். இருமுனைக் கோளாறு (மனம் ஒரு காலம் எகிறியும் ஒரு காலம் சோர்ந்தும் போகிற நோய்) உள்ளுக்குள் இருப்பவர்களுக்கு மனம் ஒரேயடியாக எகிறிப்போன சம்பவங்கள் பதிவாகியிருக்கின்றன. இன்னும் ஒன்று, பதற்றத்துக்கு இதன் ஆதாரம் மனச்சோர்வை விடவும் மெல்லியது. அமெரிக்காவில் மருத்துவக் கருவிகளுக்கு அனுமதி தரும் எஃப்.டி.ஏ. 2019இல், டி.டி.சி.எஸ். அல்லாத, காதில் மாட்டுகிற வேறு வகை மெஷின்களைப் பதற்றத்துக்கும் தூக்கமின்மைக்கும் விற்க விதியைத் தளர்த்தியது. அதையே மனச்சோர்வுக்கு விற்க வேண்டுமானால் கடுமையான அனுமதி வேண்டும் என்றது. பதற்றத்துக்கு முதலில் செய்ய வேண்டியது முறையான பேச்சு சிகிச்சையும் சரியான மாத்திரையும்தான். இரண்டில் எதையாவது முழுதாக எடுத்துப் பார்த்திருக்கிறீர்களா?

ரயிலடி | புதன், இரவு 10.10

டி.எம்.எஸ். பற்றி யாரும் சொல்லவில்லையே! நான் சென்னையில் ஆறு வாரம் அதை எடுத்துக்கொண்டவன். நாற்காலியில் உட்கார வைத்து, நெற்றிக்கு இடது மேல்புறம் எட்டு வடிவச் சுருளை வைப்பார்கள். காந்தத் துடிப்புதான், அது மூளைக்குள் மின்னோட்டமாக மாறும் என்றார்கள். மரங்கொத்தி உள்ளே இருந்து கொத்துகிற மாதிரி இருக்கும். காதில் பஞ்சு. முதல் இரண்டு நாள் கண் இமை துடித்தது, தலை வலித்தது. பிறகு பழகிவிட்டது. முடிந்ததும் பஸ் பிடித்து ஆபீஸ் போவேன். நாலாவது வாரத்தில் ஒரு நாள், பக்கத்து சீட்டுக் குழந்தை சிரித்ததற்கு நானும் சிரித்ததை நானே கவனித்தேன். மறதி ஒன்றும் இல்லை.

அம்மாவுக்கு இதைக் கேட்டுப் பாருங்களேன்.

குறிஞ்சி_மூன்றாமாண்டு | புதன், இரவு 10.45

//அம்மாவுக்கு இதைக் கேட்டுப் பாருங்களேன்//

நல்ல சிகிச்சைதான் ரயிலடி, நீங்கள் தேறியதில் எனக்கு ரொம்ப மகிழ்ச்சி. மாத்திரைக்கு அசையாத மனச்சோர்வுக்கு அமெரிக்காவில் 2008இலேயே அனுமதி கிடைத்தது. 37 நிமிடம் எடுத்த வேலையை இப்போது மூன்று நிமிடத் துடிப்பு வரிசையாகவும் கொடுக்கலாம், இரண்டும் சமமாகவே வேலை செய்கின்றன என்று 2018இல் கனடாவில் 414 பேரிடம் நடந்த ஆய்வு காட்டியது. மனச்சோர்வோடு சேர்ந்து வரும் பதற்றமும் இதில் தணிவதுண்டு.

ஆனால் "நான் பாவி, எனக்குச் சோறு வேண்டாம்" என்கிற கட்டத்தில், பிரமை கலந்த மனச்சோர்வில், டி.எம்.எஸ். போதாது. தினமும் உட்கார்ந்து ஆறு வாரம் காத்திருக்கவும் அவர்களுக்கு உடம்பு இடம் கொடுக்காது. இ.சி.டி. அங்கேதான் தேவைப்படுகிறது. வயதானவர்களிடம் அது இன்னும் நன்றாகவே வேலை செய்கிறது.

தனிவழி | வியாழன், காலை 7.20

மரியபுஷ்பம் அக்கா எழுதியதை இரண்டு முறை படித்தேன். நன்றி. என் மாமாவுக்கு நடந்ததை "கொடுமைதான்" என்று இத்தனை வருடத்தில் ஆஸ்பத்திரிப் பக்கத்திலிருந்து ஒருவர் சொல்லிக் கேட்பது இதுதான் முதல் தடவை.

ஒரு கேள்வி மிச்சம் இருக்கிறது. இன்றைக்கும் எங்காவது ஒரு மூலையில் மயக்கம் கொடுக்காமல் செய்தால் யார் கேட்பது? அந்த அம்மாவே வேண்டாம் என்றால்?

குறிஞ்சி_மூன்றாமாண்டு | வியாழன், மதியம் 2.40

கேட்கச் சட்டம் இருக்கிறது அண்ணா. 1938இல் ரோமில் செர்லெட்டி, பினி என்ற இரண்டு மருத்துவர்கள் இதைத் தொடங்கியபோது மயக்க மருந்து கிடையாது. தசை தளர்த்தி 1950களிலேயே வந்துவிட்டது. ஆனாலும் மயக்க மருத்துவர் பற்றாக்குறையைக் காரணம் காட்டி, நம் நாட்டில் டைரக்ட் முறை வெகுகாலம் ஓடியது. அது நம் துறையின் பழி. 2017ஆம் ஆண்டு மனநலப் பராமரிப்புச் சட்டத்தின் 95ஆவது பிரிவு அதைத் தடை செய்துவிட்டது. மயக்க மருந்தும் தசை தளர்த்தியும் இல்லாமல் இ.சி.டி. கொடுப்பது இப்போது குற்றம். 18 வயதுக்குக் கீழே உள்ளவர்களுக்குப் பெற்றோர் சம்மதமும் மனநல மறுஆய்வு வாரியத்தின் முன் அனுமதியும் வேண்டும். அவசரம் என்ற பெயரில் சேர்த்த உடனே இ.சி.டி. கொடுக்கவும் அந்தச் சட்டம் இடம் தரவில்லை.

சம்மதம் முதலில் நோயாளியுடையது. வைகைக்கரை, அம்மாவிடம் நேரடியாகச் சொன்னீர்களா? வீட்டில் எல்லோரும் அவரைப் பற்றிப் பேசுகிறீர்கள், அவரிடம் யாராவது பேசினீர்களா?

அண்ணனிடம் இதையும் சொல்லுங்கள்: அம்மா சாக வேண்டும் என்று வாய்விட்டுச் சொன்னால் வெள்ளிக்கிழமைக்குக் காத்திருக்க வேண்டாம், உடனே அழைத்துப் போங்கள். நடுராத்திரியில் யாரிடம் கேட்பது என்று தெரியாவிட்டால் அரசின் மனநல உதவி எண் டெலி மானஸ் 14416 இருக்கிறது, தமிழிலேயே பேசலாம்.

வைகைக்கரை | வியாழன், இரவு 11.50

பேசவில்லை. நீங்கள் கேட்ட பிறகுதான் உறைத்தது.

இன்று சாயங்காலம் அம்மா பக்கத்தில் உட்கார்ந்து மரியபுஷ்பம் அக்காவின் பதிவை அப்படியே வாசித்தேன். கால் கட்டைவிரல் வரைக்கும். அம்மா ரொம்ப நேரம் ஒன்றும் சொல்லவில்லை. பிறகு, "வலிக்காதாடி?" என்றார். தூங்கிவிடுவீர்கள் என்றேன். "தூங்கினாப் போதும்" என்றார். அதுவே எனக்குப் போதுமானதாக இருந்தது. நாளை டாக்டரே அவரிடம் இன்னொரு முறை விளக்கி, அவர் கையெழுத்தையே வாங்கட்டும் என்று சொல்லியிருக்கிறேன். அண்ணன் வாயே திறக்கவில்லை, ஆனால் ஒரு நாற்பது பக்க நோட்டு வாங்கி வந்து மேஜையில் வைத்துவிட்டுப் போனான். கல்லணை அண்ணா, அது உங்களால்.

திங்கள்கிழமை முதல் தடவை. அக்கா, வேறு ஏதாவது தெரிந்துகொள்ள வேண்டுமா?

மரியபுஷ்பம் | வெள்ளி, காலை 5.40

ஞாயிற்றுக்கிழமை தலைக்கு ஊற்றிவிடு, சீயக்காயோ ஷாம்பூவோ எது பழக்கமோ அது. ஆனால் அதன் பிறகு திங்கள்கிழமை வரைக்கும் ஒரு சொட்டு எண்ணெய்கூட வைக்கக் கூடாது. எண்ணெய் இருந்தால் மெஷினின் தகடு சரியாகப் படியாது. நம் ஊர் அம்மாக்களிடம் தினமும் நான் போராடியது இதற்காகத்தான். மூக்குத்தி, ஹேர்பின், நகப்பூச்சு எடுத்துவிடு. 

தூக்க மாத்திரை எடுக்கிறாரா? முந்தின இரவு போடலாமா என்று டாக்டரைக் கேள். சிலவற்றால் வலிப்பு சரியாக வராது. கண் விழிக்கும்போது தெரிந்த முகம் பக்கத்தில் இருக்கட்டும்.

வைகைக்கரை | 15 நாள் கழித்து, சனி, மாலை 6.30

ஐந்து முடிந்தது. முதல் மூன்று தடவை ஒரு மாற்றமும் தெரியவில்லை, எனக்கு நம்பிக்கையே விட்டுப்போயிற்று. நான்காவதுக்கு மறுநாள் காலை அடுப்படியில் சத்தம் கேட்டது. போய்ப் பார்த்தால் அம்மா சட்னிக்குத் தேங்காய் துருவிக்கொண்டிருக்கிறார். "உப்பு எங்கடி வச்சிருக்கே?" என்றார். நான் குளியலறைக்குள் போய் அழுதேன்.

பாவம், பழி என்கிற பேச்சு நின்றுவிட்டது. அப்பாவை நினைத்து அழுகிறார், ஆனால் அது சாதாரண அழுகை.

மறதி இருக்கிறது. பெரியம்மா பேத்திக்குப் போன மாதம் காது குத்தினார்கள். அம்மாதான் முன்னால் உட்கார்ந்திருந்தார். அது சுத்தமாக நினைவில்லை. நோட்டில் எழுதியிருந்ததைப் படித்துவிட்டு, "நான் போனேனா?" என்று முகம் வாடிப்போனார். பெரியம்மாதான் பக்கத்தில் உட்கார்ந்து போனில் இருந்த வீடியோவைக் காட்டினார்.

இத்தோடு நிறுத்திவிடலாமா?

குறிஞ்சி_மூன்றாமாண்டு | சனி, இரவு 8.00

இதைப் படித்ததும் எனக்கும் கண் கலங்கிவிட்டது.

பாதியில் நிறுத்தாதீர்கள். பொதுவாக ஆறிலிருந்து பன்னிரண்டு வரை போகும். மறதி அதிகமாக இருந்தால் டாக்டரிடம் சொல்லுங்கள், தகடு வைக்கும் இடத்தை மாற்றலாம், வலது பக்கம் மட்டும் கொடுக்கலாம், இடைவெளியைக் கூட்டலாம்.

இதை விட முக்கியமானது முடிந்த பிறகு செய்ய வேண்டியது. இ.சி.டி.யில் நன்றாகத் தேறியவர்களைப் பின்தொடர்ந்து 2001இல் ஓர் ஆய்வு வெளியானது. வெறும் போலி மாத்திரையில் விடப்பட்டவர்களில் 84 சதவீதம் பேருக்கு ஆறு மாதத்துக்குள் நோய் திரும்பிவிட்டது. நார்ட்ரிப்டிலின் என்ற மனச்சோர்வு மாத்திரை மட்டும் எடுத்தவர்களில் 60 சதவீதம். அதோடு மனநிலையைச் சமன்படுத்தும் லித்தியமும் சேர்த்து எடுத்தவர்களில் 39. "அம்மா நல்லாயிட்டாங்க" என்று மாத்திரையை நிறுத்துவதுதான் நான் வார்டில் அடிக்கடி பார்க்கிற துயரம்.

கல்லணை_77 | சனி, இரவு 8.35

//மாத்திரையை நிறுத்துவதுதான்//

2016க்குப் பிறகு நான் செய்தது அதுதான். அதனால்தான் 2021.

சுருள்கம்பி | ஞாயிறு, காலை 11.00

குறிஞ்சி, பேட்டரியை எடுத்து வைத்துவிட்டேன். பேச்சு சிகிச்சைக்கு இரண்டு தடவை போய்விட்டேன். இரண்டாவது தடவை, லிஃப்டுக்குள் நின்றுகொண்டே மூச்சை எண்ணச் சொன்னார்கள். கஷ்டமாக இருந்தது, ஆனால் ஆறாவது மாடி வரைக்கும் போனேன்.

வைகைக்கரை | ஒரு மாதம் கழித்து, வியாழன், இரவு 9.15

எட்டோடு முடித்துவிட்டார்கள். இப்போது மாத்திரையோடு லித்தியமும் ஓடுகிறது. எடை நாலு கிலோ ஏறியிருக்கிறது. போன ஞாயிற்றுக்கிழமை அம்மாவே எண்ணெய்க் கிண்ணத்தைக் கொண்டுவந்து முன்னால் உட்கார்ந்தார்: "எத்தனை நாளாடி தலையைக் காய விட்டுருக்கே?"

நாளை லித்தியம் ரத்தப் பரிசோதனை. காலை மாத்திரையைக் கொடுத்துவிட்டு அழைத்துப் போகலாமா அக்கா?

மரியபுஷ்பம் | வியாழன், இரவு 9.40

வேண்டாம். ராத்திரி மாத்திரை போட்டு 12 மணி நேரம் கழித்துத்தான் ரத்தம் எடுக்க வேண்டும். காலை லித்தியத்தைக் கையில் கொண்டு போ, ரத்தம் எடுத்த பிறகு கொடு. கிட்னிக்கும் தைராய்டுக்கும் சேர்த்துப் பார்க்கச் சொன்னார்களா என்று சீட்டைப் பார்த்துக்கொள். வெயில் காலம், தண்ணீர் நிறையக் குடிக்கட்டும், பி.பி.க்கு என்று யாராவது சொன்னால் டாக்டரைக் கேட்காமல் உப்பைக் குறைத்துவிடாதே. வாந்தி, பேதி, கை நடுக்கம் வந்தால் அன்றைக்கே போன் பண்ணு.